ஒரு படித் தவிடு

"அரிசியெல்லாம் வேண்டாம் அண்ணாச்சி. பிள்ளையைத் தர முடியாது" என்றாள் பீரம்மா.

நீட்டிய கையை நமச்சிவாயம் பின்னுக்கு இழுத்துக்கொண்டார். கையில் மூன்று படி பச்சரிசி, ஒரு சேலை, வெற்றிலை பாக்கு. தாலுகா கச்சேரிக் குமாஸ்தாவான அவர், பேட்டையின் பின்தெருவில் ஒரு நெசவுக்காரி வீட்டு வாசலில் பெண் கேட்க வந்தவர் மாதிரி நின்றார்.

"என்னம்மா இப்படிச் சொல்லுத? இன்னும் நாலு நாள்ல பிள்ளைக்கு ஆண்டு நிறைவு. காது குத்தணும், நல்ல பேரா வைக்கணும். வருசம் திரும்புனதும் வாங்கிக்கிடலாம்னுதான பேச்சு?"

"வாங்கிக்கிடுங்க. நான் ஒரு படித் தவிடு குடுத்து வாங்குனேன். அதே தவிட்டைக் கொண்டாங்க, தாரேன்."

"அதே தவிடா? அதை அன்னைக்கே எங்க மாடு தின்னுட்டுதே."

"அதுக்கு நான் என்ன செய்ய அண்ணாச்சி?"

பீரம்மாவின் இடுப்பிலிருந்த பிள்ளை அவரைப் பார்த்துக் கையைத் தட்டியது. தறியில் உட்கார்ந்திருந்த அவள் புருஷன் பிச்சை மைதீன் ஒரு தடவை நிமிர்ந்து பார்த்துவிட்டு, வேலையில் குனிந்துகொண்டான். நமச்சிவாயத்தின் மனைவி பிரம்மநாயகி ஓரமாக நின்றாள். தலையைக் குனிந்து, முந்தானையால் வாயைப் பொத்தியிருந்தாள். பாவம், அழுகிறாள்.

அவர்களுக்கு மூன்று பிள்ளைகள் பிறந்து, மூன்றுமே மூன்று மாதம் தாண்டவில்லை. டெல்லியில் சக்கரவர்த்திக்குப் பட்டாபிஷேகம் நடந்த வருஷம் நாலாவதாக இந்தப் பெண் பிறந்தது. தவிட்டுக்கு விற்றுவிட்டால் அது வேற்று வீட்டுப் பிள்ளை. எமன் வந்தாலும் ஏமாந்து போவான். நமச்சிவாயத்தின் அக்கா ஞானம்பாள்தான் ஏற்பாடு செய்தாள். வேறு சாதி போதாது, வேறு மார்க்கமாகவே இருக்கட்டும் என்று பீரம்மாவைப் பிடித்ததும் அவள்தான்.

வாங்கினவள் வீட்டில் பிள்ளை தினம் ஒரு பொழுதாவது இருக்க வேண்டும் என்று சோசியர் சொல்லியிருந்தார். அதனால் பிரம்மநாயகி மத்தியானம் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு பின்தெருவுக்குப் போவாள். விளக்கு வைக்கும் முன் வந்து, கிணற்றடியில் தலைக்கு ஊற்றிக்கொண்டுதான் வீட்டுக்குள் நுழைவாள். ஞானம்பாள் வைத்த சட்டம் அது.

பிள்ளை கொழுகொழுவென்று வளர்ந்தது. இப்போது வாங்கினவள் கையாலே திரும்ப வாங்காமல் பேர் வைத்தால் பிள்ளைக்கு ஆகாது. பீரம்மாவோ இப்படிச் சொல்லுகிறாள்.

நமச்சிவாயம் மட்டும் அரிசியோடு திரும்பி வந்து விஷயத்தைச் சொன்னதும் ஞானம்பாள் கொதித்துப்போனாள்.

"பிள்ளை வாயைத் திறந்தா அவளை 'உம்மா'ங்குது. அப்பவே எனக்குச் சந்தேகம். நீ வாயில்லாப்பூச்சி, உன்னை அனுப்புனேன் பாரு. இரு, நானே போய் ரெண்டுல ஒண்ணு கேட்டுட்டு வாரேன்."

புறவாசல் வழியாகப் போனவள் வெகுநேரம் கழித்துத் திரும்பினாள். நேராகக் கிணற்றடிக்குப் போய்க் குளித்தாள். ஒரு வார்த்தை பேசவில்லை. அக்காவையே பீரம்மா வாயடைத்து அனுப்பிவிட்டாளே என்று நமச்சிவாயம் பயந்துபோனார்.

மறுநாள் கச்சேரியிலிருந்து சீக்கிரமே கிளம்பினார். பிச்சை மைதீனைத் தனியாகப் பார்த்துக் காலில் விழாத குறையாகக் கேட்டுப் பார்ப்பது என்று முடிவு.

பீரம்மா வீட்டுச் சன்னலுக்குப் பக்கத்தில் வந்ததும் உள்ளே பேச்சு கேட்டது.

"அதே தவிடுன்னு சொன்னியே, அவுக முகம் போன போக்கைப் பாத்தியா?" பிரம்மநாயகியின் குரல்.

"நீ அடக்க முடியாம நின்னதைத்தான் பாத்தேன். அண்ணாச்சி மறுபடி வந்தா என்ன சொல்ல?"

"அந்த மாட்டைக் கொண்டாங்கன்னு சொல்லு."

அதன்பின் வந்த சிரிப்பில் நமச்சிவாயம் அப்படியே நின்றுவிட்டார். பிரம்மநாயகிக்கு இப்படிச் சிரிக்கத் தெரியுமா? முதல் பிள்ளையைப் புதைத்த நாளிலிருந்து அவள் பல் தெரிந்து அவர் பார்த்ததில்லை.

சிரிப்பு அடங்கியதும் அவள் சொன்னாள்: "நீ பிள்ளையைத் திருப்பிக் குடுத்துட்டா, இந்தத் தெருவுக்கு வர எனக்கு என்ன சாக்கு இருக்கு பீரு? பழையபடி கோயிலு, கிணத்தடி, அடுக்களை. அவ்வளவுதான்."

நமச்சிவாயம் செருப்பைக் கழற்றிக் கையில் எடுத்துக்கொண்டு, பைய வந்த வழியே நடந்தார்.

வீட்டில் ஞானம்பாள் முருங்கைக்கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள். அவர் தொண்டையைச் செருமிக்கொண்டார்.

"அக்கா, வழியில சோசியரைப் பாத்தேன். பிள்ளைக்கு ஏழு வயசு ஆகுத மட்டும் திருப்பி வாங்கவே கூடாதாம். தினம் அங்கன போயிட்டு வரணுமாம்."

நாற்பது வயதில் அவர் சொன்ன முதல் பொய். நெற்றித் திருநீறு வேர்வையில் கரைந்தது.

"ஏழுன்னா சொன்னாரு?"

"ஆமாக்கா. ஏழு."

"பொய் சொல்லாதலே."

நமச்சிவாயம் விழித்தார். ஞானம்பாள் கீரையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

"நேத்து சண்டை போடத்தான் போனேன். சன்னல்கிட்ட போகையில உம் பொண்டாட்டி சிரிக்குத சத்தம் கேட்டுது. அங்கேருந்து நேரே சோசியர் வீட்டுக்குப் போயி, பன்னெண்டு வயசுன்னு சொல்லணும்னு அவர்கிட்ட சொல்லிவச்சிட்டு வந்திருக்கேன். நீ பாட்டுக்கு அஞ்சு வருசத்தைக் குறைச்சுக்கிட்டு வந்து நிக்கியே."