கடைசியாக வந்தவர்கள்

"ஆல்ஃபி கடைசியா காப்பாத்தின ஆள் நான்தாம்மா," என்று கண்ணைத் துடைத்துக்கொண்டார் இறைச்சிக்கடை ஹக்கின்ஸ். காலையிலிருந்து எடித் அம்மாளிடம் இதைச் சொல்லும் நான்காவது ஆள் அவர்.

முதல் உலகப் போரில், கலிப்போலி மலையில் காயம்பட்டவர்களை மோலி என்ற கழுதையில் ஏற்றி, கடற்கரைக்குக் கொண்டுவந்து சேர்த்தவன் அவள் மகன் ஆல்ஃபி. அங்கேயே செத்தும் போனான். அந்தப் போரின் நினைவு நாளான ஏப்ரல் இருபத்தைந்து வந்தால் படைவீரர் சங்கத்தில் அவளுக்கு முன்வரிசை நாற்காலி. அவன் கடைசியாகச் சுமந்தவனுக்குப் பக்கத்து நாற்காலி. பத்திரிகையில் படம் வருவது அந்த இரண்டு நாற்காலிக்குத்தான்.

"போன வருஷம் தோள்ல குண்டுன்னே, இப்ப கால்லங்கறே?" என்றார் தபால்கார நோயல். அவரும் ஒரு 'கடைசி'தான்.

"உள்ளயே நகருதுப்பா."

வெளியே, ஊர்வலத்துக்கு வாடகைக்குப் பிடித்த கழுதை மேயர் வைத்த மலர்வளையத்தைத் தின்றுகொண்டிருந்தது. யாரும் விரட்டவில்லை. அன்று மேயரைவிட அதற்குத்தான் மரியாதை.

"உன்னை இறக்கிவிட்டப்புறம் ஆல்ஃபி எங்கப்பா போனான்?" எடித் அம்மாள் ஹக்கின்ஸிடம் கேட்டாள்.

"திரும்ப மேல ஏறினாம்மா."

"கூட யாரு இருந்தா?"

"அது தெரியாதும்மா. என்னைத்தான் கப்பல்ல ஏத்திட்டாங்களே."

எல்லோர் கதையும் இங்கேதான் முடியும். சொல்பவன் பத்திரமாகக் கப்பலேறுவான்; பிள்ளை தனியாக மலையேறுவான். அவன் தனியாகக் கிடந்தா செத்தான்? இத்தனை வருஷமாக அவளுக்குத் தெரிய வேண்டியது அது ஒன்றுதான்.

தேநீர் ஊற்றிக்கொண்டிருந்தான் வின்ஸ். போன மாதம்தான் ஊருக்கு வந்த தச்சன். அவனும் கலிப்போலி போனவன்தான் என்று யாரோ சொன்னார்கள்.

"டேய் வின்ஸ், நீயும் கடைசி ஆளா?" என்றார் நோயல்.

"இல்ல. ஆல்ஃபி என்னைச் சுமக்கவே இல்ல."

"எங்கே அடி?"

"அடியே படல."

"கீறல்கூட இல்லாம வந்திருக்கான். எந்தக் குழிக்குள்ள படுத்திருந்தே?" ஹக்கின்ஸ் சிரித்தார். கூடம் முழுக்கச் சிரித்தது.

வின்ஸ் கோப்பையை எடித் அம்மாளிடம் நீட்டினான். அவள் மட்டும் சிரிக்கவில்லை.

"அங்க உனக்கு என்னப்பா வேலை?"

"மேல இருக்கறவங்களுக்குத் தண்ணி சுமந்தேம்மா. தண்ணியோட ஏறுவேன், காலித் தகரத்தோட இறங்குவேன்."

"தினமும் அப்படித்தானா?"

"ஒரு நாள் தவிர." அவன் தரையைப் பார்த்தான். "அன்னைக்குத் தகரத்தை மேலயே போட்டுட்டு வந்துட்டேன்."

"ஏம்ப்பா?"

"மோலி மேல ஆல்ஃபி சாஞ்சிருந்தாம்மா, விழாம நான் பிடிச்சிட்டே வந்தேன்."