காலில் விழும் காட்சி

வேலைநிறுத்தத்தை முறிக்க ஆலை முதலாளி கண்டுபிடித்த வழி, ஊமைப்படம். தறிக்காரி ஒருத்தி முதலாளியின் காலில் விழுந்து மன்னிப்புக் கேட்பதுதான் கதை. முதலாளியாக அவரே நடித்தார். காலில் விழ, வேலைநிறுத்தத்தில் இருந்த தறிக்காரி ஒருத்தியே வந்தாள்.

"நேத்து கொடி பிடிச்ச கழுதை, இன்னிக்கு என் கால்ல கிடக்குது பாரு," என்று இளித்தார் முதலாளி.

ஆலைக் கிடங்கில் காமிராவை நிறுத்தினார்கள்.

"என்னங்கய்யா பேசணும்?" என்று கேட்டாள்.

"எதையாவது பேசிட்டு அழு. யாருக்குக் கேக்கப் போவுது? எழுத்துல நாங்க போட்டுக்குவோம்," என்றார் டைரக்டர்.

தொழிலாளர்களைக் கூப்பிட்டு இலவசமாகவே படம் காட்டினார் முதலாளி. திரை நிறைய அவள் முகம்; கண்ணீர் வழிய உதடுகள் துடித்தன. 'தப்பு செய்துவிட்டோம், எஜமானே!' என்று எழுத்து வந்தது.

கொட்டகையே விழுந்து விழுந்து சிரித்தது.

"எதுக்குய்யா சிரிக்கிறானுங்க?" என்று பக்கத்திலிருந்த ஆலை மேஸ்திரியிடம் சீறினார் முதலாளி.

மேஸ்திரி குரலைத் தாழ்த்தினார். "தறி இரைச்சல்ல ஒண்ணும் காதுல விழாதுங்க. அங்க எல்லாரும் உதட்டைப் பாத்துத்தான் பேசிக்குவாங்க."

"அப்ப இவ என்ன சொல்றா?"

"'குடோன்ல விக்கிறதுக்கு ஒரு துணிகூட இல்ல. இன்னும் பத்து நாள் பல்லைக் கடிச்சுக்கிட்டு இருங்க. இந்தப் பன்னி தானா வந்து நம்ம கால்ல விழும்'ங்கிறா, முதலாளி."