சோபியா வாய் திறக்கவில்லை

ஐஸ் பெட்டியின் கால்மாட்டில் உட்கார்ந்த சோபியா ஒரு மணி நேரமாக வாய் திறக்கவில்லை.

பெட்டிக்குள் தேவிப்ரியா படுத்திருந்தாள். இருபத்து நான்கு வயது. டிவியில் செய்தி வாசிக்கக் கட்டும் அரக்கு நிறப் பட்டுப் புடவையையே கட்டிவிட்டிருந்தார்கள்.

வருகிற பெண்கள் எல்லாரும் கண்ணாடிமேல் கை வைத்து, அவள் பேரைச் சொல்லிக் கதறினார்கள். சோபியா மட்டும் துப்பட்டாவைச் சுருட்டி வாயில் அழுத்திக்கொண்டிருந்தாள்.

துக்கத்துக்காகத் தெருவில் விசைத்தறிகளை நிறுத்தியிருந்தார்கள். யார் கிசுகிசுத்தாலும் காதில் விழுந்தது.

“போட்டியில ரெண்டாவதா வந்த பொண்ணுதான இது? ஒரு சத்தம் வருதா பாரு. அந்த எடம் இனிமே நமக்குத்தான்னு குந்திகினு இருக்கா.”

சோபியா துப்பட்டாவை இன்னும் இறுக்கி அழுத்தினாள்.

மூன்று வருடத்துக்கு முன் ஆரணியில் ஒரு கல்யாண மண்டபத்தில் நடந்த அழகிப் போட்டியில் தேவிப்ரியா முதலாவதாக வந்தாள். கண்ணமங்கலத்துச் சோபியாவுக்கு இரண்டாம் இடம். அந்த வாரமே ஊர் கேபிள் சேனல்காரர்கள் தேவிப்ரியாவைச் செய்தி வாசிக்கக் கூப்பிட்டார்கள். தனியாகப் போகப் பயமாயிருக்கிறது என்று, தோற்றவளையும் கூட்டிக்கொண்டு போனாள் அவள். செய்தியை எழுதித் தரும் வேலை சோபியாவுக்குக் கிடைத்தது.

பிறகு ஊரில் தேவிப்ரியாவைத் தெரியாதவர்கள் இல்லை. போளூர் பஸ்ஸில் ஏறினால் கண்டக்டர், “இன்னிக்கு மழை வருமாம்மா?” என்று கேட்பார். ஏழு மணிக்குச் சொல்கிறேன் என்று சிரிப்பாள்.

போன வருடம் தொண்டையில் கட்டி வந்தது. வேலூருக்கும் ஆரணிக்குமாக அலைந்தார்கள், அம்மாவும் மகளும். அந்த வீட்டில் வேறு யாரும் கிடையாது.

சனிக்கிழமை காலையில் மூச்சு அடைத்தது. வேலூருக்குக் கொண்டுபோன வண்டி கண்ணமங்கலத்தைத் தாண்டுவதற்குள் போய்விட்டாள்.

தலைமாட்டில் அவள் அம்மா அபிதகுசாம்பாள், வருகிறவர்களிடமெல்லாம் ஒன்றையே கேட்டுக்கொண்டிருந்தாள்.

“கட்டி கரைஞ்சிடிச்சின்னு சொன்னா. நான் நம்பல. டிவியில கொரலக் கேட்டப்புறம்தான் நம்புனேன். வியாழக்கெழம கூட கணீர்னு படிச்சாளே. அப்படிப் படிச்ச பொண்ணு எப்படிம்மா ரெண்டு நாள்ல போவும்?”

நாங்களும் கேட்டோம் என்றார்கள் எல்லாரும். என்ன குரல், கடைசிவரைக்கும் என்ன தெளிவு என்றார்கள்.

சோபியாவால் அதற்குமேல் உட்கார முடியவில்லை. எழுந்தாள்.

அபிதகுசாம்பாள் எட்டி அவள் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டாள்.

“நீ அவகூட வேல செய்யற பொண்ணுதான? ஒரு நாளு இட்டுகினு வந்தாளே. கடைசியா இன்னா பேசினா, சொல்லும்மா.”

கடைசியாகத் தேவிப்ரியா எதுவும் பேசவில்லை. பேசி ஏழு மாதம் ஆகியிருந்தது.

குரல் போய்க்கொண்டிருக்கிறது, திரும்பாது, ஆளும் அதிக நாள் இல்லை என்று டாக்டர் அவளைத் தனியாகக் கூப்பிட்டுச் சொல்லியிருந்தார். கட்டி என்று கேட்டபோதே அம்மா சாப்பாட்டை விட்டிருந்தாள்; இதைத் தாங்கமாட்டாள். மிச்சமிருந்த குரலை வைத்துக்கொண்டு தேவிப்ரியா பத்து நாள் சோபியாவை எதிரில் உட்கார வைத்து, தன்னைப் போலவே படிக்கப் பழக்கினாள். எங்கே மூச்சு வாங்குவது, ‘வணக்க’த்தை எவ்வளவு இழுப்பது என்பது வரைக்கும்.

அதன்பின் கேமராவுக்கு முன்னால் அவள் உட்கார்ந்து உதடு அசைத்தாள். கேமராவுக்குப் பின்னால் இன்னொரு மைக்கில் சோபியா படித்தாள். இருவரையும் தவிர இது தெரிந்தவர் கேமராமேன் சிவகுமார் ஒருவர்தான். பழகிப் பழகி, சோபியா தன் வீட்டில் பேசினாலும் தேவிப்ரியாவின் குரலே வந்தது.

வீட்டில் பேசக்கூடாது, செய்திக்கு மட்டும் பேசலாம் என்று டாக்டர் சொன்னதாகத் தேவிப்ரியா அம்மாவுக்கு எழுதிக் காட்டினாள். சாயங்காலமே பதிவு செய்துவிட்ட செய்தியை, தினமும் ஏழு மணிக்கு அம்மாவும் மகளும் ஒட்டி உட்கார்ந்து டிவியில் பார்த்தார்கள். மறுநாள், படிக்கவேண்டிய செய்தியை எழுதிய தாளின் பின்பக்கத்தில் சோபியாவுக்கு ஒரு வரி எழுதி நீட்டுவாள்: ‘நேத்து அம்மா மூணு தோசை சாப்பிட்டாங்க.’

வியாழக்கிழமை எழுதியது வேறு வரி: ‘எனக்கு எது ஆனாலும், எங்கம்மா காதுல விழற மாதிரி நீ பேசவே கூடாது.’

“சொல்லும்மா. ஒரு வார்த்த சொல்லு.”

சோபியா தலையை ஆட்டினாள். கையை உருவப் பார்த்தாள். அபிதகுசாம்பாள் விடவில்லை, இரண்டு கையாலும் பிடித்து உலுக்கினாள். துப்பட்டா நழுவி விழுந்தது. ஒரு மணி நேரமாக அடக்கியது அவளையும் மீறி வெடித்து வந்தது.

“அம்மா...”

அழுதுகொண்டிருந்த பெண்கள் அழுகையை நிறுத்தினார்கள்.

அபிதகுசாம்பாள் சோபியாவைப் பார்க்கவே இல்லை. அவள் கையை அப்படியே விட்டுவிட்டுத் திரும்பினாள். ஐஸ் பெட்டியின் மேல் கவிழ்ந்து, கண்ணாடியில் காதை வைத்தாள்.

“இன்னாடி கண்ணு?” என்றாள்.