கருங்கல் சுவரில் ஓர் அஞ்சலி

"தண்ணிய எம்மேல ஊத்து! அந்தாளு மேல ஒரு சொட்டு பட்டுச்சு, கைய ஒடிச்சிடுவேன்!"

கண்ணீர் அஞ்சலிச் சுவரொட்டி ஒன்றை முதுகால் மறைத்துக்கொண்டு கத்தினாள் கருவாட்டுக்காரி பூவம்மா. வாளியும் கையுமாக எதிரே நின்ற மகிமா இரண்டடி பின்வாங்கினாள்.

ராயபுரத்தின் பழைய கருங்கல் சுவர் அது. மறுநாள் காலை அந்தத் தெருவின் பழமையைப் பார்க்க நாற்பது பேர் வருகிறார்கள். அதற்குள் சுவரொட்டிகளைச் சுரண்டிக் கல்லை வெளியே கொண்டுவர, மகிமாவும் அவளோடு வந்த அஜினும் விடிந்ததிலிருந்து பாடுபட்டார்கள். மிச்சமிருந்தது இந்த ஒன்றுதான்.

"அக்கா, இது நூத்தம்பது வருஷத்துச் சுவரு. உங்க சொந்தச் சொத்தா?" என்றான் அஜின்.

"உன் சொத்தாடா, சோமாரி? எட்டு மாசமா இங்கதான் குந்திகினுகீறேன். நேத்து வரிக்கும் இந்தச் சொவுத்துல ஒண்ணுக்கு அடிச்சானுங்களே, அப்ப எங்கடா போயிருந்த?"

பஸ்ஸுக்கு நின்றவர்கள் சிரித்துவிட்டார்கள். முகம் சிவந்த அஜின் சுரண்டியோடு முன்னால் வந்தான். பூவம்மா கருவாட்டுக் கத்தியைக் கையில் எடுத்தாள்.

மகிமா பதறிப்போய் நடுவில் புகுந்தாள். அப்போதுதான் சுவரொட்டியை அருகில் பார்த்தாள். மழைக்கு பாலிதீன் போர்த்தி, நாலு பக்கமும் டேப் ஒட்டியிருந்தது. கன்டெய்னர் லாரிப் புகையில் முகம் அடையாளம் தெரியாமல் கறுத்துக் கிடக்க, 'மறைவு' என்ற சொல்லும் தேதியும் மட்டும் விரலால் துடைத்துத் துடைத்துப் பளிச்சென்று இருந்தன.

தன் அப்பா போன தேதியை மகிமாவும் காலண்டரில் இப்படித்தான் தடவிக்கொண்டிருந்தாள்.

"விடு அஜின். இது ஒண்ணு இருந்துட்டுப் போகட்டும்."

"நாளைக்கு வர்றவங்க கேட்டா?"

"நான் சொல்லிக்கிறேன்."

பூவம்மா கத்தியைக் கீழே போட்டாள். முறைப்பு மட்டும் குறையவில்லை.

மகிமா துணியை நனைத்துப் பிழிந்து, அந்தக் கறுத்த முகத்தையாவது துடைத்துவிடலாம் என்று கையை நீட்டினாள். பூவம்மா வெடுக்கென்று அவள் மணிக்கட்டைப் பிடித்தாள்.

"அந்த மூஞ்சத் தொடாத!"

"ஏன்க்கா? உங்க வீட்டுக்காரர்தானே?"

பூவம்மா காறித் துப்பினாள்.

"என் பொண்ணக் கொளுத்துனவன். செத்துட்டான்னு தெனிக்கும் பாத்தாதான் எனுக்கு சோறு எறங்குது."