விரல் வேகம்

"இந்த ஆப்பை எதுக்குண்ணே வச்சிருக்கீங்க? தூக்கிரவா?"

ஒத்தக்கடையில் செல்போன் கடை வைத்திருக்கும் ஜினோ கேட்டான். போனில் இடம் நிறைஞ்சு போச்சு, வேண்டாததை அழிச்சுக் குடு என்று கொடுத்திருந்தார் மொக்கைச்சாமி.

"எதுப்பா?"

"கேம் ஓடுற வேகத்தைக் குறைக்கிற ஆப். ஆடத் தெரியாதவுக, சின்னப் பிள்ளைக போட்டு வச்சுக்குவாங்க. பறக்குற கேமும் நத்தையாட்டம் ஊரும்."

மொக்கைச்சாமியின் முகம் மாறியது.

"எந்தக் கேமு?"

"உங்க போன்ல இருக்கிறதே ஒரே ஒரு கேம்தானண்ணே. நாலு கோட்டுல கட்டை விழுமே, அது."

மொக்கைச்சாமி திருவாதவூர்க்காரர். மாட்டுத் தரகர். துண்டுக்குள் கையை விட்டு எதிராளியின் விரலைப் பிடித்து விலை பேசும் தொழில். வாய் திறக்கக் கூடாது. அழுத்தின விரல்தான் விலை. அழுத்திய பிறகு ஐயோ தப்பு என்று கத்தினாலும் ஒருத்தனும் கேட்க மாட்டான்.

போன ஐப்பசியில் பக்கவாதம் வந்து அந்த வலது கை விழுந்தது. தொழிலும் கூடவே படுத்தது.

விரலுக்கு வேலை கொடுங்கள் என்றார் டாக்டர். மகள் பவதாரிணி இந்தக் கேமைப் போட்டுக் கொடுத்தாள். நாலு கோடு, நாலு விரல். எந்தக் கோட்டில் கட்டை விழுகிறதோ அந்த விரலால் தட்ட வேண்டும். ஒன்று தவறினாலும் ஆட்டம் முடிந்தது.

தட்டித் தட்டி, ஒரே ஆட்டத்தில் ஆயிரம் கட்டையைத் தாண்டிவிட்டார். அந்தத் தெம்பில்தான் சின்னக்கருப்பனுக்கு வாக்குக் கொடுத்திருக்கிறார், அவனுடைய சோடி மாட்டைத் தானே நின்று விலை பேசி விற்றுத் தருவதாக.

விடிந்தால் சந்தை.

மருந்துக் கடைக்குப் போயிருந்த பவதாரிணி பையோடு வந்தாள்.

"ஏய், இங்க வா. இதைப் போட்டது யாரு?"

அவள் போனைப் பார்த்தாள். "நான்தாம்ப்பா."

"எப்ப?"

"தை மாசம். ஒரு கட்டைகூடத் தட்ட முடியலன்னு போனைத் தூக்கிச் செவுத்துல எறிஞ்சீங்கள்ல, மறுநாள்."

"அப்ப அஞ்சு மாசமா என்னையக் கேணப்பயலாக்கியிருக்க!"

"அப்பா, சொல்றதைக் கேளுங்க..."

"என்னத்தடி கேக்க? ஆயிரம் அடிச்சேன், ஆயிரம் அடிச்சேன்னு தெரு முச்சூடும் சொல்லிக்கிட்டுத் திரிஞ்சேனே! நீ உள்ளுக்குள்ள சிரிச்சிருப்ப."

ரீசார்ஜ் செய்ய வந்த ஒரு அம்மாள் வாயில் கை வைத்தாள். "பெத்த அப்பனைப் போயி இப்பிடியா ஏமாத்துவாக?"

"கேட்டியா? மொகந்தெரியாத பொம்பள கேக்குது!" கத்தினார். "நாளைக்குத் துண்டுக்குள்ள என் விரல் ஒண்ணு பிசகுனா என்னாகும் தெரியுமா? சின்னக்கருப்பன் மாடு பாதி விலைக்குப் போயிரும். அவன் வயல்ல போர் போடுறதே அந்த மாட்டை நம்பித்தான். நீ குடுப்பியா அந்தக் காசை?"

"அண்ணே, மெதுவாப் பேசுங்க. பிரஷர் ஏறப் போகுது" என்றான் ஜினோ.

"மெதுவு மெதுவுன்னு மெதுவாலதானடா கெட்டேன்! நீ சின்னக்கருப்பனுக்குப் போனைப் போடு. வேற தரகனைப் பாத்துக்கன்னு சொல்லிர்றேன். இன்னையோட இந்தத் தொழிலத் தல முழுகியாச்சு."

ஜினோ பெயரைத் தேடினான்.

பவதாரிணி போனின் மேல் கையை வைத்து மறைத்தாள். "ஜினோண்ணே, அதுக்கு முன்னாடி நீங்க அந்தக் கேமை ஒரு தடவை ஆடுங்க."

"நத்தை ஓட்டத்தை அவன் ஓட்டி என்னத்தைக் கிழிக்கப் போறான்?"

"நீங்க ஆடுங்கண்ணே."

ஜினோ ஆடினான். பதினொன்றாவது கட்டையில் ஆட்டம் போனது.

"கை வேர்த்திருச்சு" என்று சட்டையில் துடைத்துக்கொண்டு மறுபடி ஆடினான். ஒன்பது.

பல்லைக் கடித்துக்கொண்டு இன்னொரு தரம். பதினாலு.

"என்னடா, ரெண்டு பேரும் கூட்டா? வேணும்னே தோக்குறியா? இருபத்தஞ்சு வயசுக்காரன் விரலுக்கு என்ன கேடு வந்துச்சு?"

ஜினோ அந்த ஆப்பைத் திறந்தான். பார்த்தான். பிறகு மொக்கைச்சாமியின் வலது கையைப் பார்த்தான்.

"அண்ணே, நூறுன்னு இருந்தா சாதாரண வேகம். எல்லாரு போன்லயும் ஓடுற வேகம். அதுக்குக் கீழ போனாத்தான் மெதுவு. மேல போனா வேகம்."

"இவ எம்புட்டுல வச்சா? அதைச் சொல்லு."

"நாப்பதுலதாம்ப்பா ஆரம்பிச்சேன்" என்றாள் பவதாரிணி. "நீங்க தூங்குனப்புறம் வாரம் அஞ்சஞ்சா ஏத்துனேன்."

"இப்ப எம்புட்டு?"

ஜினோ போனைத் திருப்பி அவர் முகத்துக்கு நேராகப் பிடித்தான்.

நூற்றி இருபது.

மொக்கைச்சாமி போனைக் கிட்ட இழுத்துப் பார்த்தார். ரீசார்ஜ் அம்மாளும் எட்டிப் பார்த்தாள்.

"சித்திரையிலயே நூறுக்கு வந்துட்டீங்கப்பா" என்றாள் பவதாரிணி. "'என்னடி இது, சப்புனு ஓடுது'ன்னு நீங்கதான் வஞ்சீங்க. அதான் மேல ஏத்திவிட்டேன்."