துரை வரும் வழியில் ஒரு சைக்கிள்

மலாயாவில் சிம்பாங் பூலாய்ப் பக்கத்து ரப்பர் தோட்டத்தின் செம்மண் சரிவில், நேற்று வாங்கிய பழைய சைக்கிளில் செங்கோடன் உருண்டு வருகிறான். இலை இடுக்கு வெயில் அவன் முகத்தில் புள்ளி புள்ளியாய் ஓடுகிறது. எதிரே வெள்ளைக்காரத் துரையின் கார் உறுமுகிறது. துரையைக் கண்டால் கூலிக்காரன் சைக்கிளை விட்டு இறங்கி நிற்க வேண்டும். போன மாதம் இறங்காத உடையப்பனுக்கு முதுகில் விழுந்த பிரம்படி இன்னும் ஆறவில்லை. "இறங்குடா, நாயே!" பாதையோரம் நிற்கும் கங்காணி பிரம்பை ஆட்டிக் கத்துகிறார். செங்கோடன் பிரேக்கை அழுத்துகிறான், பிடிக்கவில்லை. ஒரு கையைத் தூக்கிச் சலாம் வைத்தபடியே காரைத் தாண்டிப் பறக்கிறான். பாலுக்கு மரம் சீவும் ராக்காயி முந்தானையால் வாயைப் பொத்துகிறாள். கார் கடக்கும்வரை கங்காணியும் சலாம் வைத்து ஆடாமல் நிற்க வேண்டியிருக்கிறது. வளைவுக்கு அப்பாலிருந்து குரல் மட்டும் வருகிறது: "ஏறத்தான் கத்துக்கிட்டேங்க! இறங்க இன்னும் கத்துக்கலீங்க!"