உங்கள் பலவீனம் என்ன?

முதல் புத்தகம், விண்ணப்பத்தில் புகைப்படம் ஒட்டு என்றது.

இரண்டாவது, தப்பித் தவறியும் ஒட்டாதே என்றது.

புத்தகக் கடையில் நின்றபடியே அவள் மூன்றாவதைப் பிரித்தாள். அது புகைப்படத்தைப் பற்றி மூச்சே விடவில்லை. அப்பாவின் தொழிலையும் பொழுதுபோக்கையும் மறக்காமல் எழுதச் சொன்னது. இரண்டாவதோ அதையெல்லாம் பார்த்தவுடன் குப்பையில் போடுவார்கள் என்றது.

தலை சுற்றியது.

நாளை காலை விண்ணப்பத்தை நேரில் கொண்டுபோக வேண்டும். கையோடு நேர்முகத் தேர்வு.

இந்த வேலையும் கிடைக்காமல் போனால் ஆவணியில் கல்யாணம். மாப்பிள்ளை படத்தைக் காட்டியபோது அவள் ‘பார்க்கலாம்’ என்றாள். வீட்டில் அதையே சம்மதமாக எடுத்துக்கொண்டு மண்டபம் வரைக்கும் பேசிவிட்டார்கள். வேலை கிடைத்தால் தள்ளிப்போடலாம் என்று அப்பா சொல்லியிருந்தார்.

கடைசிப் பக்கங்களுக்குப் போனாள்.

‘உங்கள் பலவீனம் என்ன?’

எதிலும் ஒத்துப்போகாத மூன்று புத்தகங்களும் இந்த ஒரு கேள்வியில் மட்டும் அண்ணன் தம்பியாகிவிட்டன. அளவுக்கு மீறி உழைப்பதே என் பலவீனம்.

அவளுக்கு எரிச்சலாக வந்தது. வேலை கேட்டுப் போன இடத்திலெல்லாம் இதைத்தான் ஒப்பித்தாள். கடைசியாகக் கேட்ட அம்மாள், அவள் முடிப்பதற்குள் தலையாட்டிவிட்டு அடுத்த ஆளைக் கூப்பிட்டுவிட்டார்.

முதலாவதை எடுத்தாள். வைத்தாள். மூன்றாவதை எடுத்தாள்.

கடைக்காரருக்குப் பொறுக்கவில்லை.

“ஏம்மா, வந்ததுலேருந்து எடுக்குற, வைக்கிற. ஒரு முடிவுக்கே வர மாட்டியா?”

அவள் கை அப்படியே நின்றது.

முகம் சுட்டது. வெட்கம்தான். ஆனாலும் உள்ளே என்னவோ லேசானது.

அட, இதுதானே!

மூன்றையும் அடுக்கில் வைத்தாள். வாசல் வரை போனாள். திரும்பி வந்தாள்.

“அண்ணே, எனக்கு முடிவெடுக்க வராதுங்கறத இங்கிலீஷ்ல எப்படிச் சொல்லணும்? நாளைக்கு இன்டர்வியூல கேப்பாங்க.”

“அதப் போயி சொன்னா வேலை குடுப்பாங்களாம்மா?”

“பொய் சொன்னதுக்கும் குடுக்கலையேண்ணே.”

அவர் மூக்குக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். எழுந்து, இங்கிலீஷ் புத்தகங்கள் இருந்த அலமாரிக்குப் போனார்.

எதை எடுப்பது என்று தெரியாமல் அங்கேயே நின்றுகொண்டிருந்தார்.